கேமரன் மலைத் தொகுதி – 9: முப்பது ரிங்கிட்

கட்சித் தலைவராக மலையேறிய ஜி.பழனிவேல், கட்சியே இல்லாத எம்.பி.யாக நின்ற கதையைப் போன வாரம் பார்த்தோம். 2013-ல் 462 ஓட்டில் தப்பிப் பிழைத்தவர் அவர். 2015-ல் மலேசிய இந்தியக் காங்கிரஸின் (ம.இ.கா.) தலைமை கையை விட்டுப் போனது. மந்திரி பதவியும் போனது. மிச்சம் இருந்தது தொகுதி மட்டும்தான்.

அந்தத் தொகுதிக்குத்தான் இந்த வாரம் அடிதடி.

இந்த வாரம் புதிதாக வந்து சேர்ந்த வாசகர்களுக்குக் கொஞ்சம் முன்கதை. மலேசியாவின் பகாங் மாநிலத்தில் இருக்கிறது கேமரன் மலை. தாப்பாவிலிருந்து வளைந்து ஏறும் சாலை ரிங்லெட், தானா ராத்தா, பிரிஞ்சாங் என்று போகும். தேயிலை, ஸ்ட்ராபெரி, குளிர், எஸ்டேட் லயங்கள், மாரியம்மன் கோயில்கள். சுற்றுலாப் பயணி பார்ப்பது இவ்வளவுதான். தொகுதியின் பெரும்பகுதி அதற்கு அப்பால், மலையின் கிழக்குச் சரிவில் ஜெலாய் பக்கமாக இறங்குகிறது. அடர்ந்த காடு, மரம் வெட்டும் கம்பெனிகள் போட்ட செம்மண் தடங்கள், அவற்றின் முடிவில் ஓராங் அஸ்லி எனப்படும் பூர்வகுடிகளின் கிராமங்கள்.

2019 ஜனவரிப் பட்டியல்படி இந்தத் தொகுதியின் மொத்த வாக்காளர்கள் 32,009 பேர். அம்பத்தூரும் மதுரவாயலும் அடங்கிய நம் ஸ்ரீபெரும்புதூர் மக்களவைத் தொகுதியிலோ இருபது லட்சத்துக்கும் மேல். சென்னை மாநகராட்சியின் ஒரு வார்டில் இருக்கிற அளவு ஓட்டைக் கொண்டு அங்கே ஒரு எம்.பி. உருவாகிறார். ஆனால் அம்பத்தூர் வார்டு ஒன்றை விடியற்காலை நடைப்பயிற்சியில் ஒரு சுற்று வந்துவிடலாம். கேமரன் மலைத் தொகுதியில் ஒரு கிராமத்துக்குப் போய்த் திரும்பவே ஒரு நாள் போய்விடும், அதுவும் மழை பெய்யாமல் இருந்தால்.

*

தொகுதி யாருக்கு?

இந்தத் தொகுதி பிறந்தது 2003 எல்லைச் சீரமைப்பில். முதல் தேர்தல் 2004. அப்போதே இது ம.இ.கா.வின் சொத்து என்று நாட்டை ஆண்ட தேசிய முன்னணிக் கூட்டணிக்குள் முடிவாகிவிட்டது. கே.தேவமணி இரண்டு முறை, பிறகு பழனிவேல்.

2008-ல் கட்சித் தலைவர் சாமிவேலுவே சுங்கை சிப்புட்டில் மண்ணைக் கவ்விய அந்தப் பேரலையில் ம.இ.கா.வுக்கு மிஞ்சிய மூன்று நாடாளுமன்ற இடங்களில் ஒன்று கேமரன் மலை. அதனால் கட்சிக்கு இது வெறும் தொகுதி இல்லை, உயிர்க்கயிறு.

பழனிவேல் விழுந்ததும் கூட்டணிக்குள்ளேயே இன்னொரு தமிழர் துண்டு போட்டார். மைபிபிபி கட்சித் தலைவர் எம்.கேவியஸ். தொகுதியிலேயே தங்கி வேலை பார்த்தார். சீட்டு தனக்குத்தான் என்று ஊரெல்லாம் சொன்னார். கடைசியில் தேசிய முன்னணி அதை ம.இ.கா. இளைஞர் பிரிவுத் தலைவர் சிவராஜ் சந்திரனிடம் கொடுத்தது. அந்தக் கோபத்தில் கேவியஸின் கட்சியே உடைந்தது தனிக்கதை. அதற்குள் போனால் இந்த வாரம் முழுதும் போதாது.

எதிரே, எதிர்க்கட்சியான ஜனநாயக செயல் கட்சியின் எம்.மனோகரன். வழக்கறிஞர். 2008-ல் தெலுக் இந்தான் தொகுதியில் வென்று ஒரு முறை எம்.பி.யாக இருந்தவர். 2013-ல் பழனிவேலிடம் 462 ஓட்டில் தோற்றவரும் இவர்தான்.

ஆக, சீட்டுக்கு இரண்டு தமிழர் மோதல்; சீட்டு கிடைத்தபின் களத்தில் இரண்டு தமிழர் மோதல். தொகுதியில் தமிழரும் மற்ற இந்தியரும் சேர்ந்து நூற்றுக்கு 15 பேர்கூட நிறைவாக இல்லை. ஓராங் அஸ்லிகள் ஏறக்குறைய 22 பேர். நாட்டில் வேறெந்த நாடாளுமன்றத் தொகுதியிலும் அவர்களுடைய விகிதம் இவ்வளவு இல்லை.

இந்த இருபத்திரண்டு பேரில் ஒருவரை நிறுத்தலாமே என்ற யோசனை, நான்கு பொதுத் தேர்தல்களில் ஒரு தடவைகூட எந்தப் பெரிய கூட்டணிக்கும் தோன்றவில்லை.

நாம் சிரிக்க வேண்டாம். ஆவடியும் பூந்தமல்லியும் சேர்ந்த திருவள்ளூர் மக்களவைத் தொகுதி, பட்டியல் சாதியினருக்கான தனித்தொகுதி. அதே மாவட்டத்தில் ஏரிக்கரைகளிலும் செங்கல் சூளைகளிலும் அரிசி ஆலைகளிலும் இருளர்கள் காலம் காலமாக இருக்கிறார்கள். தமிழ்நாட்டில் பழங்குடியினருக்கென்று ஒதுக்கிய மக்களவைத் தொகுதி ஒன்றுகூடக் கிடையாது. சட்டமன்றத்தில் ஏற்காடு, சேந்தமங்கலம் என்று இரண்டே இரண்டு.

*

மலைமேல் ஒரு கணக்கு, சரிவில் ஒரு கணக்கு

ம.இ.கா. எப்படி இங்கே ஜெயித்துக்கொண்டே வந்தது? தமிழர் ஓட்டால் என்று நினைத்தால் ஏமாந்துபோவோம்.

தொகுதிக்குள் இரண்டு மாநிலச் சட்டமன்ற இடங்கள். தேயிலையும் காய்கறியும் விளையும் மலைப்பகுதி தானா ராத்தா. சரிவில் இருப்பது ஜெலாய். 2018-ல் தானா ராத்தாவை ஜனநாயக செயல் கட்சி வென்றது. ஜெலாயை வென்றவர் தேசிய முன்னணியின் முதுகெலும்பான மலாய்க் கட்சி அம்னோவின் வான் ரோஸ்டி. அந்த மாதமே பகாங்கின் முதலமைச்சராகவும் ஆனார்.

மலைமேல் சீனரும் தமிழரும் கைவிட்ட வேட்பாளரைச் சரிவில் மலாய்க்காரரும் ஓராங் அஸ்லிகளும் தூக்கி நிறுத்த வேண்டும். இதுதான் கணக்கு. ம.இ.கா. வேட்பாளர் தமிழர்களின் பெயரால் சீட்டு வாங்கினார், ஓராங் அஸ்லிகளின் தயவால் எம்.பி. ஆனார்.

2018 மே 9. நாடு முழுதும் தேசிய முன்னணி சரிந்தது. 61 ஆண்டு ஆட்சி ஒரே இரவில் முடிந்தது. ம.இ.கா.வுக்கு மிஞ்சியவை இரண்டே இடங்கள்: சரவணனின் தாப்பா, சிவராஜின் கேமரன் மலை.

சிவராஜ் 10,307. மனோகரன் 9,710. வித்தியாசம் 597.

முதல் தடவை 462, இரண்டாம் தடவை 597. மனோகரன் வழக்கறிஞர் அல்லவா? வீட்டுக்குப் போகவில்லை, தேர்தல் நீதிமன்றத்துக்குப் போனார்.

*

தோக் பாத்தின்

வழக்கு என்னவென்று சொல்வதற்கு முன்னால் ஓராங் அஸ்லி கிராமத் தலைவரைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். கேமரன் மலையின் அரசியல் சாவி அவர் இடுப்பில்தான் தொங்கியது.

தீபகற்ப மலேசியாவின் பூர்வகுடிகளில் 18 பிரிவுகள். இந்தத் தொகுதியில் பெரும்பாலோர் செமாய் இனத்தவர். மலைநெல், மரவள்ளி, காட்டில் கிடைக்கும் பெத்தாய், டுரியான், பிரம்பு. ஊருக்கு ஒரு தலைவர். அவரைப் பாத்தின் என்பார்கள். மரியாதையாக தோக் பாத்தின்.

1948-ல் கம்யூனிஸ்டுகளுக்கு எதிராக வெள்ளைக்காரன் அவசரகாலம் அறிவித்ததும் காட்டுக்குள் போர் மூண்டது. துப்பாக்கியோடு காட்டில் மறைந்திருந்தவர்களுக்குச் சோறு போட்டவர்கள், வழி காட்டியவர்கள் ஓராங் அஸ்லிகளில் பலர். அதுவரை அவர்களைத் திரும்பிப் பார்க்காத அரசாங்கத்துக்கு அவர்கள் திடீரென்று முக்கியமானார்கள். முதலில் லாரியில் ஏற்றி முகாம்களில் அடைத்தார்கள். வெயில் தாங்காமல், நோய் கண்டு, ஏக்கம் பிடித்து மக்கள் செத்தார்கள். பிறகு உத்தியை மாற்றி, காட்டுக்குள்ளேயே கோட்டை கட்டி, அங்கே மருந்தும் உப்பும் கொடுத்தார்கள். இன்றும் போஸ் பெத்தாவ், போஸ் லெஞ்சாங், போஸ் லெமோய் என்று பல கிராமங்களின் பெயருக்கு முன்னால் காவல் ‘போஸ்ட்’ ஒட்டிக்கொண்டிருக்கிறது.

அந்தப் போருக்கு நடுவே, 1954-ல் வந்தது பூர்வகுடியினர் சட்டம். அதன்படி ஊர் வழக்கத்தில் ஒருவர் தலைவராக வந்தாலும் அமைச்சர் ஏற்றுக்கொள்ள வேண்டும். தலைவரை நீக்கும் அதிகாரமும் அமைச்சருக்கு உண்டு. சுதந்திரத்துக்குப் பிறகும் இந்த ஏற்பாடு அப்படியே நீடித்தது. தோக் பாத்தினுக்கு அரசாங்கத்திலிருந்து மாதப்படி வரும். தண்ணீர்க் குழாய், வீட்டுத் திட்டம் எதுவானாலும் பூர்வகுடி மேம்பாட்டுத் துறை அலுவலகம் வழியாகத்தான் வரும். அந்த அலுவலகம் ஆளும் கட்சியின் அரசாங்கத்தில் இருந்தது. ஆளும் கட்சி 61 வருடம் மாறவே இல்லை.

தலைவர் யார் பக்கம் சாய்ந்தாரோ அந்தப் பக்கம் கிராமம் சாய்ந்ததில் என்ன ஆச்சரியம்? இதைச் சிலர் ‘விவரம் தெரியாத ஜனங்கள்’ என்று எழுதினார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. குழாய் யார் கையில் இருக்கிறது என்பது அவர்களுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

*

நவம்பர் 30

மனோகரன் மனுவின் சாரம் இதுதான்: ஓராங் அஸ்லி வாக்காளர்களுக்கும் கிராமத் தலைவர்களுக்கும் தேசிய முன்னணிக்கு ஓட்டுப் போடச் சொல்லிப் பணம் கொடுக்கப்பட்டது. தொகை 30 ரிங்கிட் முதல் 1,000 ரிங்கிட் வரை.

30 ரிங்கிட் என்பது அன்றைய மதிப்பில் நம் பணத்துக்குச் சுமார் 500 ரூபாய். 1,000 ரிங்கிட் ஏறக்குறைய 17,000.

திருமங்கலம் இடைத்தேர்தலில் ஓட்டுக்குப் பணம் பாய்ந்ததைப் பார்த்த நமக்கு இதெல்லாம் சில்லறை. 2017-ல் ஆர்.கே.நகரில் பணம் ஆறாக ஓடியதால் இடைத்தேர்தலையே நிறுத்திவைத்தது நம் தேர்தல் ஆணையம். 2019-ல் வேலூர் மக்களவைத் தேர்தலும் அப்படித்தான் ரத்தானது. ஆனால் ஓட்டு எண்ணி, வெற்றி அறிவித்து, எம்.பி. பதவியேற்று, ஆறு மாதம் கழித்து நீதிமன்றம் பணத்தைக் காரணம் காட்டி அவரை இறக்கியது நம் பக்கம் எத்தனை தடவை?

கேமரன் மலையில் அது நடந்தது.

மலேசியத் தேர்தல் குற்றச் சட்டப்படி வேட்பாளர் தன் கையால் பணம் கொடுத்திருக்க வேண்டும் என்பதில்லை. அவருடைய முகவர் கொடுத்தாலே தேர்தல் செல்லாது. இந்தச் சட்டமும் 1954-ல் வந்ததுதான். ஒரே வருடத்தில் பிறந்த இரண்டு சட்டங்கள்: ஒன்று தோக் பாத்தினை அமைச்சரின் கைக்குள் வைத்தது, இன்னொன்று அவர் வழியாக ஓட்டு வாங்கினால் வெற்றி கவிழும் என்றது. அறுபத்து நான்கு வருடம் இரண்டும் ஒன்றையொன்று பார்க்காமல் அலமாரியில் இருந்தன.

2018 நவம்பர் 30, வெள்ளிக்கிழமை. கோலாலம்பூர். தேர்தல் நீதிமன்ற நீதிபதி அசிசா நவாவி தீர்ப்பை வாசித்தார். ஓராங் அஸ்லி ஓட்டுகளைப் பெறுவதற்காக ஊழல் நடந்தது நிரூபணமாகியிருக்கிறது. கேமரன் மலைத் தேர்தல் செல்லாது.

ம.இ.கா.வின் இரண்டில் ஒன்று போயிற்று.

*

விட்டுக்கொடுத்த கதை

மேல்முறையீடு செய்யப்போவதில்லை என்றார் சிவராஜ். இடைத்தேர்தல் வரட்டும், மக்களிடமே போவோம் என்பது கட்சிக்குள் இருந்த எண்ணம். அவரையே மறுபடி நிறுத்தலாம் என்ற பேச்சும் இருந்தது. தேர்தல் ஆணையத் தலைவர் அசார் ஹருண் அந்தக் கதவைச் சாத்தினார். தீர்ப்பின் விளைவாக சிவராஜ் ஐந்தாண்டு காலம் போட்டியிட முடியாது என்றார்.

வேட்புமனுத் தாக்கல் 2019 ஜனவரி 12. வாக்குப்பதிவு ஜனவரி 26.

ம.இ.கா. தலைவர் விக்னேஸ்வரன் முன்னால் இருந்தது எளிய கேள்வி, பதில்தான் கசந்தது. பதினைந்து வருடமாக நம்முடையது என்று சொல்லிவந்த தொகுதியில் இன்னொரு தமிழரை நிறுத்தலாம். நிறுத்தித் தோற்றால் கூட்டணியில் கட்சிக்கு இருக்கிற கடைசி மரியாதையும் போகும். ஆட்சி இல்லை, அமைச்சர் இல்லை, காசு இல்லை. தேசிய முன்னணிக்கு அப்போது தேவைப்பட்டது ஒரே ஒரு வெற்றி. மே மாதத் தோல்விக்குப் பிறகு நடந்த இடைத்தேர்தல்கள் அத்தனையும் மனோகரனின் கட்சியும் அங்கம் வகித்த புதிய ஆளுங்கூட்டணியான பக்காத்தான் ஹராப்பான் பக்கமே போயிருந்தன.

ம.இ.கா. விட்டுக்கொடுத்தது.

முன்னணியின் தற்காலிகத் தலைவர் முகமட் ஹசான் வேட்பாளரை அறிவித்தபோது அரசியல் நிருபர்கள் பெயரை இரண்டு தடவை கேட்டு எழுதியிருப்பார்கள். ராம்லி முகமட் நோர். வயது அறுபதைத் தாண்டியவர். காவல்துறையில் உதவி ஆணையர் நிலைக்கு உயர்ந்து ஓய்வு பெற்றவர். எந்த உறுப்புக் கட்சியின் ஒதுக்கீடும் இல்லாமல் முன்னணியின் நேரடி வேட்பாளர்.

செமாய் இனத்தவர்.

அது பூர்வகுடிகள் மேல் வந்த திடீர்ப் பாசம் என்று நான் நம்பவில்லை. ஓராங் அஸ்லி ஓட்டை விலைக்கு வாங்கியதாகத் தீர்ப்பு வாங்கிய கூட்டணி, அந்தக் கறையைத் துடைக்க ஓராங் அஸ்லி ஒருவரையே முன்னால் நிறுத்தியது. தந்திரம்தான். ஆனால் தேர்தல் அரசியலில் பல நல்ல கதவுகள் தந்திரத்தால்தான் திறந்திருக்கின்றன. செனட்டுக்கு ஓராங் அஸ்லிகளை நியமிப்பதற்கு அரசியல் சாசனத்திலேயே இடம் உண்டு. நியமனம் நடந்தும் வந்தது. மக்களிடம் ஓட்டுக் கேட்டு மக்களவைக்கு ஒருவரும் போனதில்லை.

எதிரே மூன்றாவது முறையாக மனோகரன். வழக்குப் போட்டு ஜெயித்தவர், அந்த வழக்கே தனக்கு எதிராக இப்படி ஒரு வேட்பாளரைக் கொண்டுவந்து நிறுத்தும் என்று எதிர்பார்த்திருக்க மாட்டார்.

*

பதினான்கு நாள்

பிரசாரத்தில் நடந்ததெல்லாம் தலைகீழ்.

இப்போது ஆட்சி பக்காத்தான் கையில். குழாயும் அவர்கள் கையில். ஆளுங்கூட்டணியைச் சேர்ந்த செனட்டர் ஒருவர், அவரும் ஓராங் அஸ்லிதான், கூட்டமொன்றில் தோக் பாத்தின்களைப் பார்த்து அரசாங்கத்தை ஆதரிக்காவிட்டால் பதவியும் படியும் போகும் என்ற தொனியில் பேசிவிட்டார். வீடியோ பரவியது. மன்னிப்புக் கேட்டார். 61 வருடம் மற்றவர்கள் செய்ததை எட்டே மாதத்தில் இவர்களும் கற்றுக்கொண்டார்களே என்று மக்கள் நினைத்திருந்தால் குற்றம் சொல்ல முடியாது.

இதே நாட்களில், ஜனவரி 18-ல், வேறொன்றும் நடந்தது. அட்டர்னி ஜெனரல் டோமி தாமஸ், மத்திய அரசின் பெயரில் கிளந்தான் மாநில அரசுக்கு எதிராக வழக்குத் தொடுத்தார். குவா முசாங் பக்கத்து போஸ் சிம்போரில் தெமியார் இனத்து ஓராங் அஸ்லிகளின் பரம்பரை நிலத்தைப் பாதுகாக்கவில்லை என்பதற்காக. பூர்வகுடி நிலத்துக்காக மத்திய அரசே மாநில அரசை நீதிமன்றத்துக்கு இழுத்தது மலேசியா அதுவரை காணாத காட்சி. ஓராங் அஸ்லி உரிமைக்காக எந்த அரசாங்கமும் செய்யாததை அந்த அரசாங்கம் செய்தது.

ஒரு கையில் அந்த வழக்கு, மறு கையில் அந்த மிரட்டல். ஜெலாய் சரிவில் எது போய்ச் சேர்ந்தது என்று தெரிய எட்டு நாள் பொறுக்க வேண்டியிருந்தது.

*

ஜனவரி 26

சனிக்கிழமை இரவு முடிவு வந்தது. வாக்குப்பதிவு 68.79 சதவீதம்.

ராம்லி 12,038. மனோகரன் 8,800. இரண்டு சுயேச்சைகளுக்கும் சேர்த்து 590.

வித்தியாசம் 3,238. பழனிவேல் 462-லும் சிவராஜ் 597-லும் மூச்சுத் திணறி வென்ற தொகுதி.

‘ஓராங் அஸ்லிகள் எழுந்து நின்றார்கள்’ என்று மறுநாள் எழுதியவர்கள் பலர். எண்களைக் கொஞ்சம் பொறுமையாகப் பார்த்தால் வேறொன்றும் தெரியும். 2018-ல் இங்கே இஸ்லாமியக் கட்சியான பாஸ் தனியாக நின்று 3,587 ஓட்டு வாங்கியிருந்தது. 2019-ல் அது ஒதுங்கி நின்று தேசிய முன்னணியை ஆதரித்தது. முன்னணிக்குக் கூடிய ஓட்டு 1,731. மனோகரனுக்குக் குறைந்தது 910. ஆக, ராம்லியின் வெற்றியில் செமாய் பெருமிதமும் இருந்தது, அம்னோவும் பாஸும் கைகோத்ததும் இருந்தது. அந்தக் கைகோப்பு அதே ஆண்டு செப்டம்பரில் முறையான உடன்படிக்கையானது. அடுத்த ஆண்டு பக்காத்தான் ஆட்சி கவிழ்ந்ததற்கும் அதில் பங்குண்டு.

இருந்தாலும் நடந்தது நடந்ததுதான். இரண்டு தமிழர்கள் வழக்காடினார்கள். மூன்றாவதாக ஒருவர் நாடாளுமன்றம் போனார்.

ம.இ.கா. அலுவலகத்தில் அன்று இனிப்பு வழங்கியிருப்பார்கள், கூட்டணி தர்மத்துக்காக. தேயிலை லயங்களில் இருந்த தமிழர்களுக்கு ‘நம்ம எம்.பி.’ என்று காட்ட இனி ஒருவர் இல்லை. அந்த இழப்பையும் சொல்லத்தான் வேண்டும். வட ஆற்காட்டிலிருந்தும் திருச்சியிலிருந்தும் சேலத்திலிருந்தும் கப்பலேறிப் போனவர்களின் பேரன் பேத்திகள் அந்த மலையில் இன்னமும் கொழுந்து கிள்ளுகிறார்கள். பலருக்குச் சொந்த வீடு இல்லை. காட்டுக்காரருக்கு நிலப் பத்திரம் இல்லை, தோட்டக்காரருக்கு வீட்டுப் பத்திரம் இல்லை. இருவரும் ஒரே மலையில் இருந்தும், பதினைந்து வருடத்தில் எந்தத் தலைவரும் இரண்டு கோரிக்கைகளையும் ஒரே மனுவில் எழுதியதாக எனக்குத் தெரிந்து இல்லை.

2019 மார்ச்சில் நாடாளுமன்றம் கூடியபோது 222 பேரில் ஒரே ஓராங் அஸ்லியாக ராம்லி எதிர்க்கட்சி வரிசையில் உட்கார்ந்தார். அவருக்குச் சீட்டுக் கொடுத்தது, 1954 சட்டத்தை அறுபது வருடம் அடிப்படையில் மாற்றாமல் வைத்திருந்த கூட்டணி.

மூன்று மாதம்கூட ஆகவில்லை. ஜூன் தொடக்கத்தில் கிளந்தான் காட்டிலிருந்து ஒரு செய்தி. குவா முசாங் அருகே கோலா கோ என்ற கிராமத்தில் பத்தேக் இனத்து ஓராங் அஸ்லிகள் ஒருவர் பின் ஒருவராக இறந்துகொண்டிருந்தார்கள். காரணம் தட்டம்மை என்று சுகாதார அமைச்சு உறுதி செய்வதற்குள் பல உயிர்கள் போய்விட்டன.

கோலா கோ அவருடைய தொகுதி அல்ல. அவருடைய மாநிலமும் அல்ல. ஆனால் அந்த அவையில் அந்த மக்களுக்கென்று இருந்தவர் அவர் ஒருவர்தான். கட்சி எதிர்க்கட்சி, கையில் குழாய் இல்லை. ராம்லி என்ன கேட்டிருப்பார்?

(அடுத்த வாரம்: கோலா கோ)